தலை சாஞ்ச நாயை முதல் நாளே கைவிட்டுடாதீங்க

போன இதழ்ல வயசான நாய்களுக்கு என்ன சாப்பாடு குடுக்கலாம்னு எழுதியிருந்தேன். அதுக்கு அப்புறம் வந்த கேள்விகளைப் பிரிச்சு பார்த்தா பாதிக்கு மேல சாப்பாடு பத்தியே இல்ல, நாய் தடுமாறுது, வட்டம் போடுது, நிக்க முடியாம விழுது, இதுதான். அதனால இந்த தடவை பக்கம் முழுக்க அதுக்கே ஒதுக்கிட்டேன்.

கேள்வி (வாசகி, தஞ்சாவூர்): டாக்டரம்மா, எங்க வீட்டு பொமரேனியனுக்கு 13 வயசு. ராத்திரி சாப்பிட்டு நல்லாத்தான் தூங்கினா. காலைல எந்திரிக்க முடியல, எந்திரிச்சாலும் இடது பக்கமா உருண்டு விழறா, தலையும் அந்தப் பக்கமே சாஞ்சிருக்கு, கண்ணு ரெண்டும் நிக்காம பக்கவாட்டுல ஓடிக்கிட்டே இருக்கு, வாந்தி வேற. இங்க பார்த்த டாக்டர் இது ஸ்ட்ரோக், இந்த வயசுல தேறாது, கருணைக்கொலை ஊசி போட்டு அனுப்பிடலாம்னு கையெழுத்து கேட்டார். மனசு வரல, வீட்டுக்கு தூக்கிட்டு வந்துட்டோம். தப்பு பண்ணிட்டோமா?

பதில்: ஒரு தப்பும் இல்லம்மா, சரியான வேலைதான் பண்ணியிருக்கீங்க. அன்னைக்கே உங்களுக்கு போன்ல சொன்னதை மத்தவங்களும் தெரிஞ்சுக்கட்டும்னு இங்க விரிவா எழுதுறேன்.

நாயோட உள்காதுல அரைவட்டமா மூணு சின்ன குழாய் இருக்கு, அதுக்குள்ள திரவம் நிரம்பியிருக்கும். தலை திரும்பினா அந்த திரவம் அசையும், அந்த அசைவுதான் எட்டாவது மூளை நரம்பு வழியா மூளைத்தண்டுக்கு செய்தியா போகுது, அங்கேர்ந்து கண்ணுக்கும் கழுத்துக்கும் நாலு காலுக்கும் உத்தரவு வரும். இந்த ஏற்பாட்டுக்கு வெஸ்டிபுலர் சிஸ்டம்னு பேரு. ரெண்டு காதுலேர்ந்தும் செய்தி சமமா வர்ற வரைக்கும் நாய் நேரா நிக்கும். ஒரு பக்கம் திடீர்னு நின்னு போச்சுன்னா, அசையாம படுத்திருந்தாலும் தான் சுத்திக்கிட்டிருக்கிறதா மூளைக்கு படும். ராட்டினத்துலேர்ந்து இறங்கின உடனே நமக்கு எப்படி இருக்குமோ அந்த நிலைமையில உங்க பொண்ணு நாள் முழுக்க இருந்திருக்கா. கண்ணு ஓடினதும் வாந்தி வந்ததும் அதனாலதான்.

வயசான நாய்ங்களுக்கு, அதுலயும் 12, 13 வயசுக்காரங்களுக்கு, எந்த காரணமும் கண்டுபிடிக்க முடியாம ராத்திரியோட ராத்திரியா இப்படி வர்றது ரொம்ப சகஜம். பார்க்க கொடுமையா இருக்கும், அதனால எல்லாரும் ஸ்ட்ரோக்னு நினைச்சுடறாங்க. நாய்க்கு நிஜமான ஸ்ட்ரோக்கும் வரும்தான், கிட்னி கோளாறு, பிபி, கஷிங்ஸ் மாதிரி ஹார்மோன் பிரச்சினை இருக்கிற நாய்ங்களுக்கு வரலாம், அதுலயும் நிறைய நாய்ங்க தேறிடுது. ஆனா முதல் நாள் வெறும் கண்ணால பார்த்து இது ஸ்ட்ரோக்னு அடிச்சு சொல்ல முடியாது. காரணம் தெரியாத இந்த வயசு தலைசுத்தல் முதல் 24, 48 மணி நேரம்தான் மோசமா இருக்கும், 72 மணி நேரத்துல கண் ஓட்டம் குறைய ஆரம்பிக்கும், ரெண்டு மூணு வாரத்துல பெரும்பாலும் பழையபடி நடந்துடும். கொஞ்சம் தலைசாய்வு மட்டும் சில நாய்ங்களுக்கு கடைசி வரைக்கும் இருக்கும், அதுல வலி ஒண்ணும் இல்ல, அதோடவே சந்தோஷமா வாழும். இவ்வளவு நல்லா தேறுற ஒரு நோய்க்கு முதல் நாளே ஊசி போட்டு அனுப்பின நாய்ங்களை நினைச்சா எனக்கு நிஜமாவே நெஞ்சு அடைக்குது.

வீட்டுலயே ஒரு சோதனை பண்ணலாம். நாயோட வயித்துக்கு அடியில கை குடுத்து நிக்க வச்சுக்கங்க, ஒரு பாதத்தை மெதுவா மடக்கி மேல்பக்கம் தரையில படுற மாதிரி வைங்க. காதுல மட்டும் கோளாறுன்னா நாய் உடனே பாதத்தை திருப்பி சரியா ஊணிடும். மடக்கி வச்சபடியே விட்டுட்டா, இல்ல ரொம்ப நேரம் கழிச்சு திருப்பினா, மூளைப் பக்கம் பிரச்சினை இருக்கலாம். அதே மாதிரி கண்ணு பக்கவாட்டுலயோ வட்டமாவோ ஓடினா காதா இருக்க வாய்ப்பு அதிகம், மேலயும் கீழயும் ஓடினா மூளையை சந்தேகப்படணும். கூப்பிட்டா திரும்பி பார்க்குதா, உங்களை அடையாளம் தெரியுதாங்கிறதையும் கவனிங்க. காது கோளாறுல நாய் மிரண்டு போயிருக்கும், ஆனா தெளிவா இருக்கும். போன்ல அந்த கண்ணை கிட்டத்துல வச்சு ஒரு வீடியோ எடுத்துடுங்க, ஆஸ்பத்திரிக்கு போறதுக்குள்ள கண் ஓட்டம் நின்னு போயிருந்தாலும் டாக்டருக்கு அது பெரிய உதவி.

வைத்தியம்னு பார்த்தா, இந்த வகைக்கு தனி மருந்து கிடையாது. ஸ்டீராய்டு போட்டா சீக்கிரம் சரியாகும்னு பல பேர் போடுறாங்க, அதனால பலன் உண்டுன்னு ஆதாரம் இல்ல. வாந்தியையும் குமட்டலையும் நிறுத்துறதுதான் முக்கியம், அதுக்கு மாரோபிட்டன்ட், ஆன்டான்செட்ரான் மாதிரி மருந்து டாக்டர் குடுப்பார், தண்ணி எடுத்துக்க முடியலன்னா ட்ரிப்ஸ் போடுவார். கூடவே தைராய்டு, கிட்னி, சுகர், பிபி ஒரு தடவை பார்த்துடணும், தைராய்டு குறைஞ்சாலும் இதே மாதிரி தலை சாயும், அதுக்கு மாத்திரை இருக்கு.

மீதி எல்லாம் உங்க கையிலதான். டைல்ஸ் தரை ஆகவே ஆகாது, ரப்பர் மேட் இல்லன்னா பழைய சாக்கை நாலு மூலையிலயும் கனமா ஏதாவது வச்சு விரிங்க. மாடிப்படிக்கு குறுக்கே தடுப்பு வைங்க. ராத்திரி லைட்டை அணைக்காதீங்க, காது ஏமாத்தும்போது நாய் கண்ணை நம்பித்தான் நிக்குது, இருட்டுல அதுவும் போயிடும். பாவம்னு சட்டுனு தூக்கிடாதீங்க, கால் தரையில இல்லாம போனா சுத்தல் இன்னும் அதிகமாகி பயந்து உருளும், ஒரு துண்டை வயித்துக்கு அடியில குடுத்து தாங்கிப் பிடிச்சு நடக்க வைங்க. சாப்பாட்டை கையால ஊட்டுங்க, கொஞ்சம் கொஞ்சமா. படுத்திருக்கும்போது வாயில தண்ணியோ கஞ்சியோ ஊத்தவே கூடாது, நுரையீரலுக்குள்ள போயிட்டா தலைசுத்தலை விட அது பெரிய ஆபத்து. ஒரே பக்கமா படுத்திருந்தா சில மணி நேரத்துக்கு ஒரு தடவை புரட்டி விடுங்க.

மூணு நாள்ல கொஞ்சமும் முன்னேற்றம் இல்லன்னா, இல்ல நடுவுல மோசமானா, உங்களுக்கு ஒரத்தநாடு கால்நடை மருத்துவக் கல்லூரி கிட்டத்துலதான் இருக்கு, கூட்டிட்டு போயிடுங்க. இப்ப அவ தானா எந்திரிச்சு வாசல் வரைக்கும் போறான்னு நீங்க அனுப்பின செய்தி வந்துச்சு, ரொம்ப சந்தோஷம்மா.

கேள்வி (வாசகர், கோயமுத்தூர்): எங்க காக்கர் ஸ்பேனியலுக்கு 5 வயசுங்க. ரொம்ப நாளா காதுல நாத்தம், சொறிஞ்சுக்கிட்டே இருப்பான். பாட்டி பூண்டு போட்டு காய்ச்சின நல்லெண்ணெய் ஊத்துவாங்க, கொஞ்சம் அடங்கும். இப்ப பத்து நாளா வலது பக்கம் தலை சாஞ்சிருக்கு, அந்தப் பக்க உதடும் தொங்குதுங்க, கண்ணை மூட மாட்டேங்கிறான். இதுவும் தானா சரியாயிடுமா?

பதில்: ஆகாதுங்க. இதை விட்டு வைக்கக்கூடாது.

நாயோட காது வழி நம்ம மாதிரி நேரா இருக்காது, கீழ இறங்கி அப்புறம் உள்பக்கமா மடங்கும். தொங்குற காது, உள்ள முடி, ஈரம், அதுலயும் காக்கர் ஸ்பேனியல்னா சொல்லவே வேணாம், அந்த மூலையில அழுக்கும் கிருமியும் சேர்ந்துக்கிட்டே இருக்கும். வெளிக்காது சீழ் செவிப்பறையை அரிச்சு நடுக்காதுக்குள்ள போகும், அங்கேர்ந்து உள்காதுக்கு. முகத்து தசைக்கு போற நரம்பு நடுக்காதை ஒட்டித்தான் போகுது, அதனாலதான் உதடு தொங்குது, இமை மூடல. சில நாய்ங்களுக்கு அந்தப் பக்க கண்மணி சின்னதாகி மூணாவது இமை மேல ஏறி நிக்கும், அதுவும் இதே இடத்துலேர்ந்து வர்ற அறிகுறிதான். வாயை பெருசா திறந்தா வலிக்கும், அதனால பிஸ்கட் கடிக்காம சோறு மட்டும் தின்பான், கவனிச்சிருப்பீங்க.

பாட்டிகிட்ட பக்குவமா சொல்லுங்க, இனிமே எண்ணெய் வேணாம். செவிப்பறை ஓட்டையான காதுல எதை ஊத்தினாலும் நேரா நடுக்காதுக்கு போகும், அங்கேர்ந்து உள்காதுக்கும் போகலாம். எண்ணெய் மட்டும் இல்ல, காது கழுவுற சில மருந்தே ஆபத்து, குளோர்ஹெக்சிடின், ஜென்டாமைசின், நியோமைசின் இதெல்லாம் உள்காதுக்குள்ள போனா காதும் போகும் பேலன்ஸும் போகும், சில சமயம் திரும்பி வராது. அதனால டாக்டர் முதல்ல செவிப்பறை முழுசா இருக்கான்னு பார்க்கணும், தேவைப்பட்டா மயக்கம் குடுத்து உள்ள வரைக்கும் சுத்தம் பண்ணி, அந்த சீழை கல்ச்சருக்கு அனுப்பி, எந்த ஆன்டிபயாட்டிக் கேக்குதுன்னு தெரிஞ்சுக்கிட்டு குடுக்கணும். ஒரு வாரம் குடுத்து நிறுத்துற விஷயம் இல்ல இது, ஆறு எட்டு வாரம் விடாம குடுக்க வேண்டி வரும். நாத்தம் போனதும் நிறுத்திட்டா திரும்பவும் வரும், வந்தா முன்னை விட பிடிவாதமா நிக்கும். அப்படியும் அடங்காத காதுக்கு ஆபரேஷன் பண்ணி காது வழியையே எடுத்துடறது உண்டு, கேக்க பயமா இருக்கும், ஆனா வருஷக்கணக்கா வலியில இருந்த நாய்ங்களுக்கு அது பெரிய விடுதலை.

அந்த கண்ணை மறந்துடாதீங்க. மூடாத கண்ணு காஞ்சு புண்ணாயிடும், டாக்டர்கிட்ட கேட்டு கண்ணுக்கு ஈரப்பசை மருந்து வாங்கி போட்டுக்கிட்டே இருங்க.

கேள்வி (வாசகர், மதுரை): எட்டு கிலோ நாட்டு நாய், பேதி நிக்கலன்னு மெடிக்கல்ல கேட்டு மெட்ரோஜில் 400 காலைல ஒண்ணு ராத்திரி ஒண்ணு குடுத்தோம். பேதி நின்னதும் மறுபடி வரக்கூடாதுன்னு ரெண்டு வாரமா குடுத்துட்டு வர்றோம். இப்ப குடிச்ச மாதிரி தள்ளாடுது, கண்ணு மேலயும் கீழயும் துடிக்குது. என்ன சார்... மன்னிக்கணும், மேடம்?

பதில்: இன்னைக்கே அந்த மாத்திரையை நிறுத்துங்க. மெட்ரோஜில்ல இருக்கிறது மெட்ரோனிடசோல். ஒரு நாளைக்கு கிலோவுக்கு 60 மில்லிகிராமுக்கு மேல போனா நாய் மூளையை பாதிக்கும், சில நாய்ங்களுக்கு அதை விட கம்மியிலயே, அதுவும் நாள் கணக்கா குடுக்கும்போது. 400 மில்லிகிராம் ரெண்டு வேளைன்னா உங்க நாய்க்கு கிலோவுக்கு 100 ஆயிடுச்சு. நல்ல செய்தி என்னன்னா, மருந்தை நிறுத்தினாலே ஒண்ணு ரெண்டு வாரத்துல சரியாகும், ஆஸ்பத்திரியில டயசிபாம் குடுத்தா அதை விட ரொம்ப சீக்கிரமா தெளியும். அதையும் மெடிக்கல்ல வாங்கி நீங்களே குடுத்துடாதீங்க, டாக்டர் கணக்கு பண்ணி குடுக்கட்டும். மாத்திரை அட்டையை கூடவே எடுத்துட்டு போங்க, அது கையில இல்லன்னா டாக்டர் வேற எதை எதையோ தேட வேண்டி வரும்.

இதையே சாக்கா வச்சு இன்னொண்ணும் சொல்லிடுறேன். உண்ணிக்கு மாட்டு ஊசி போடுறாங்களே, ஐவர்மெக்டின், ஒரு மில்லியில 10 மில்லிகிராம் இருக்கிறது. பத்து கிலோ நாய்க்கு ஒரு மில்லி ஏத்தினா சொறிக்கு நாங்க குடுக்கிற அளவை விட ரொம்ப அதிகம். தள்ளாட்டம், கண்மணி விரிஞ்சு பார்வை தெரியாம போறது, கோமா வரைக்கும் போகும். கோலி இனத்துலயும் அதோட கலப்புலயும் நிறைய நாய்ங்களுக்கு சொறிக்கு குடுக்கிற சாதாரண அளவே விஷம். ஜெர்மன் ஷெப்பர்ட்லயும் சிலதுக்கு அந்த குறை உண்டு. இதுக்கு முறிவு மருந்து கிடையாது.

கேள்வி (கல்லூரி மாணவி, விழுப்புரம்): அக்கா, தெருவுல எடுத்த ரெண்டு குட்டிங்க, ஒண்ணரை மாசம் இருக்கும். ஒண்ணு நடக்க ஆரம்பிச்சதுலேர்ந்தே காலை அகட்டி அகட்டி வைக்குது, பால் கிண்ணத்துகிட்ட போனா தலை கிடுகிடுன்னு ஆடி மூக்கு பாலுக்குள்ள போயிடுது, மத்தபடி செம சுறுசுறுப்பு. இன்னொண்ணு நல்லா இருந்துச்சு, போன வாரம் காய்ச்சல், கண்ணுலயும் மூக்குலயும் சளி, இப்ப ஒரு கால் தானா துடிக்குது, நடந்தா சாயுது. ரெண்டுக்கும் ஒரே நோயா?

பதில்: நீ இவ்வளவு கவனமா பார்த்து எழுதினதால எனக்கு பாதி வேலை முடிஞ்சுதும்மா. ரெண்டும் வேற வேற மாதிரி தெரியுது.

முதல் குட்டிக்கு சிறுமூளை சரியா வளராம பிறந்திருக்கலாம். சும்மா இருக்கும்போது தலை ஆடாது, எதையாவது குறி வச்சு போகும்போது மட்டும் ஆடும், அதுதான் இதோட அடையாளம். மருந்து கிடையாது, ஆனா இது வளர வளர மோசமாகாது, குட்டி பழகிக்கும். கிண்ணத்தை கொஞ்சம் உயரத்துல வை, கனமான கிண்ணமா இருக்கட்டும், மாடி, கிணறு, ரோடு பக்கம் தனியா விடாத. வாரா வாரம் ஒரு வீடியோ எடுத்து வச்சுக்க, நாளுக்கு நாள் மோசமாகுதுன்னா அது வேற நோய், உடனே காட்டணும்.

ரெண்டாவது குட்டியை இந்த நிமிஷமே பிரிச்சு வை. அது டிஸ்டெம்பர்ங்கிற தொத்துற வைரஸ் நோயா இருக்கத்தான் வாய்ப்பு அதிகம். காய்ச்சல், சளி, அப்புறம் நரம்புல வந்து தசை துடிக்கிறது, பாதம் தடிச்சு போறது, வலிப்பு, இதுதான் அது போற வழி. வைரஸை கொல்ற மருந்து இல்ல, ட்ரிப்ஸ், வலிப்புக்கு மருந்து, கூட வர்ற கிருமிக்கு ஆன்டிபயாட்டிக், இப்படி தாங்கிப் பிடிக்கிறதுதான் வைத்தியம். சிலது பிழைக்குது, பிழைச்சாலும் கால் துடிப்பு நிக்காம இருக்கலாம். தடுப்பூசியால தடுக்கக்கூடிய நோய் இது, அதுதான் எனக்கு ஆத்திரமா வர்றது. ஆறு வாரத்துலேர்ந்து எட்டு வாரத்துக்குள்ள முதல் ஊசி, அப்புறம் மூணு நாலு வாரத்துக்கு ஒரு தடவை, 16 வாரம் ஆகுற வரைக்கும். முதல் குட்டிக்கு காய்ச்சல் இல்லன்னா டாக்டர்கிட்ட காட்டி உடனே ஊசியை ஆரம்பிச்சுடு.

தெருக்குட்டிங்கிறதால ரேபிஸையும் மறக்கக்கூடாது, ரெண்டுல எதுவாவது உன்னை கடிச்சிருந்தாலோ, எச்சில் புண்ணுல பட்டிருந்தாலோ சோப்பு போட்டு ஓடுற தண்ணியில 15 நிமிஷம் கழுவிட்டு ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு போய் ரேபிஸ் ஊசி போட்டுக்க, தள்ளிப் போடாத. தெருவுல தள்ளாடுற, வாய் திறந்தபடியே எச்சில் ஒழுகுற நாயைப் பார்த்தா தொண்டையில எலும்பு மாட்டிக்கிச்சுன்னு வாய்க்குள்ள கை விட்டுடாத, ரேபிஸ்ல தாடை செயலிழந்தாலும் அப்படித்தான் இருக்கும்.

கேள்வி (வாசகர், விருதுநகர்): முழு வெள்ளை ராஜபாளையம் குட்டிங்க. கைதட்டினா திரும்பல, காது கேக்கலன்னு உறுதியாயிடுச்சு. காது போனா பேலன்ஸும் போயிடும்னு சொல்றாங்களே?

பதில்: போகாதுங்க. வெள்ளை நாய்ங்களுக்கு வர்ற இந்த பிறவி செவிடு, உள்காதுல கேக்குற பகுதியில நிறமி செல் இல்லாததால வர்றது, பிறந்து சில வாரத்துலயே கேக்குற செல்லுங்க அழிஞ்சு போயிடும். நான் முதல் பதில்ல சொன்ன அரைவட்டக் குழாய் மூணும் அதே உள்காதுல இருந்தாலும் இந்த குறை அதை தொடுறது இல்ல. உங்க குட்டி மத்த ராஜபாளையம் மாதிரியே ஓடும், தாவும். என்னைக்காவது தலை சாஞ்சா செவிடுன்னு விட்டுடாம வேற காரணம் தேடணும். கை சைகையில பழக்குங்க, தூங்கும்போது தொட்டு எழுப்பாம தரையை தட்டி எழுப்புங்க, ரோட்டுல கயிறு இல்லாம விடாதீங்க. இதை இனவிருத்திக்கு மட்டும் விடவே வேணாம், குட்டி கேட்டு யார் வந்தாலும் சரி.

கேள்வி (வாசகர், சென்னை): 4 வயசு பக். ரெண்டு வாரமா தலை சாய்வு, கூடவே எப்பவும் தூங்கி வழியறான், பாதம் மடங்கி மடங்கி நடக்கறான். எம்.ஆர்.ஐ எடுக்க சொல்றாங்க, மயக்க மருந்து குடுக்கணுமாம், பயமா இருக்கு. முதல் நோயாளி மாதிரி கொஞ்ச நாள் பொறுத்து பார்க்கலாமா?

பதில்: பொறுக்காதீங்க. வயசு கம்மி, பாதம் மடங்குது, தெளிவு இல்ல, ரெண்டு வாரமாகியும் போகல, இந்த நாலும் சேர்ந்தா மூளையைத்தான் பார்க்கணும். பக் மாதிரி சின்ன இனங்களுக்கு மூளையில கிருமி எதுவும் இல்லாமலே வீக்கம் வர்ற நோய் உண்டு, அதுக்கு ஸ்டீராய்டும் எதிர்ப்பு சக்தியை அடக்குற மருந்தும்தான் உயிரைக் காப்பாத்தும், எவ்வளவு சீக்கிரம் ஆரம்பிக்கிறோமோ அவ்வளவு நல்லது. ஆனா ஸ்கேனும் தண்டுவட நீர் பரிசோதனையும் எடுக்குறதுக்கு முன்னாடி ஸ்டீராய்டு குடுத்துட்டா உண்மையான காரணம் மறைஞ்சு போகலாம், அதனாலதான் உங்க டாக்டர் அவசரப்படுத்துறார். நம்ம ஊர்ல உண்ணிக் காய்ச்சலும் மூளை வரைக்கும் போகும், அதோட ரத்தப் பரிசோதனையை முதல்லயே பண்ணிடுங்க, அது எர்லிக்கியாங்கிற உண்ணி பரப்புற கிருமியா இருந்தா டாக்சிசைக்ளின் மருந்து இருக்கு.

மயக்க மருந்து பத்தி நீங்க பயப்படுறதுல நியாயம் இருக்கு, பக்குக்கு மூக்கு சப்பை, மூச்சுக்குழல் குறுகல். அதனால நாய் மயக்கத்துலேர்ந்து முழுசா தெளியுற வரைக்கும் ஆள் பக்கத்துல இருந்து மூச்சைக் கவனிக்கிற இடமா பார்த்து எடுங்க, அதை வெளிப்படையாவே கேளுங்க. செலவு தாங்காதுன்னா வேப்பேரியில மெட்ராஸ் கால்நடை மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி இருக்கு, 1903-லேர்ந்து இருக்கிற கல்லூரி, அங்க முதல்ல நரம்பு பரிசோதனை பண்ணி எந்த ஸ்கேன் தேவைன்னு கேட்டுக்கங்க. காலைல சீக்கிரமே போய் டோக்கன் வாங்குங்க, பழைய ரிப்போர்ட் எல்லாத்தையும், முக்கியமா இதுவரைக்கும் குடுத்த மருந்தோட பேரையும் தேதியையும் ஒரு பேப்பர்ல எழுதி எடுத்துட்டு போங்க.